பிலத்து வாயில்: அழகர்மலையும் மறுவுலகம் தேடிய மரபுகளும்

மதுரைக்கு வடக்கே ஏறத்தாழ 20 கிலோமீட்டர் தொலைவில், கிழக்கு மேற்காக நீண்டு கிடக்கிறது அழகர்மலை. அதன் வயிற்றுக்குள் ஒரு தனி உலகத்தை வைத்திருக்கிறது சிலப்பதிகாரம். மதுரைக் காண்டத்தின் முதற் பகுதியான காடுகாண் காதையில் வரும் அந்த உலகிற்குப் பிலம் என்று பெயர். மலையடியில் தொடங்கும் குகைவழி, வழியெங்கும் கதவுகள், கதவருகே நின்று கேள்வி கேட்கும் தெய்வப் பெண்கள், கடைசியில் மூன்று பொய்கைகள் என்று அது விரிகிறது. நில அளவைச் சங்கிலிக்கு அகப்படாத அந்த இடம் காப்பியப் புலவரின் படைப்பு. அதைச் சுமந்து நிற்கும் மலையோ மெய்யானது. அந்த மலையில் சமண முனிவர்கள் கற்படுக்கையில் கிடந்து தவம் செய்தார்கள், ஆழ்வார்கள் பாடினார்கள், வைணவ ஆசாரியர்கள் அந்தப் பாட்டுக்குப் படிப்படியாக உரை சொன்னார்கள், சித்தர் ஒருவரின் சமாதி அங்கே இருப்பதாக நம்பப்படுகிறது, அடைத்த கதவாகவே கருப்பர் என்ற காவல் தெய்வம் நிற்கிறார். காணாத உலகம் ஒன்று உண்டு என்பதில் இவர்களுக்குள் பெரிய வழக்கில்லை. அங்கே போக விரும்புகிறவன் எதற்காகப் போகிறான் என்பதுதான் இம்மலையைச் சார்ந்த மரபுகள் திரும்பத் திரும்பக் கேட்ட கேள்வி.

மூன்று வழிகள்

கோவலனும் கண்ணகியும் கவுந்தியடிகளும் உறையூரை விட்டுத் தெற்கே வரும் முதுவேனிற் பொழுதில், ஒரு சோலையில் மாங்காட்டு மறையோனைச் சந்திக்கிறார்கள். அவன் குடமலைப் பக்கத்தவன். திருவரங்கத்தையும் திருவேங்கடத்தையும் காண ஊர்விட்டு வந்தவன். வாய் திறந்ததும் பாண்டியனை வாழ்த்துகிறான். மதுரைக்கு வழி கேட்ட கோவலனுக்கு அவன் சொல்லும் விடை, இன்றைய பயண நூல் ஒன்றின் அத்தியாயம் அளவுக்கு நீள்கிறது. கொடும்பாளூர்க் குளக்கரையில் பாதை சிவனின் சூலம்போல மூன்றாகப் பிரிகிறது. வலப்பக்க வழி சிறுமலையை ஒட்டிச் செல்லும். இடப்பக்க வழி வயலும் சோலையும் காடும் கடந்து திருமால் குன்றத்தை அடையும். நடுவழி நேரானது, ஆனால் அதில் வழிப்போக்கரை மயக்கும் கானுறை தெய்வம் ஒன்று உண்டு.

திருமால் குன்றம் அழகர்மலைதான் என்பதில் ஆராய்ச்சியாளர் பெரும்பாலும் ஒத்துப்போகிறார்கள். கொடும்பாளூர் இன்றைய புதுக்கோட்டை மாவட்டத்தில் இருக்கிறது. அங்கிருந்து மேலூர்ப் பக்கமாக மதுரைக்கு வரும் தடத்தில் கருங்காலக்குடி, கீழவளவு, அரிட்டாபட்டி, மாங்குளம் எனத் தமிழ்ப் பிராமி எழுத்துள்ள குகைகள் அடுத்தடுத்து அமைந்திருக்கின்றன. மறையோன் சொல்லும் இடவழி கற்பனைக்குள் கொண்டுபோய் விடுகிறது என்றாலும், கால் பதிக்கும் தரை வணிகர்கள் நடந்து தேய்த்த தரை.

பிலத்தின் உள்ளமைப்பு

பிலத்துக்குள் நுழைய ஒரு முறை இருக்கிறது. முதலில் மலைமேல் நின்ற பெருமானை உள்ளத்தில் இருத்தி, மலையை மும்முறை வலம் வரவேண்டும். வலம் வந்தவனுக்குச் சிலம்பாற்றின் கரையில், பூத்த கோங்க மரத்தின் கீழ், ஒரு பெண் தோன்றுவாள். தன் பெயர் வரோத்தமை என்பாள். இந்தப் பிறப்புக்கு இன்பம் எது, மறுபிறப்புக்கு இன்பம் எது, இரண்டும் அல்லாமல் என்றும் ஒரே நிலையில் நிற்பது எது என்று மூன்று கேள்வி கேட்பாள். விடை சொன்னவருக்கே கதவு திறக்கும்.

திறந்த பிறகும் வழி முடிவதில்லை. உள்ளே கதவுகள் பல. அவற்றைக் கடந்தால் இரட்டைக் கதவு ஒன்று. அங்கே ஓவியத்திலிருந்து இறங்கியவள் போன்ற இன்னொரு பெண் நிற்பாள். முடிவில்லாத இன்பம் எது என்பது அவள் கேள்வி. விடை சொன்னால் விரும்பியது கிடைக்கும். சொல்லத் தெரியாவிட்டாலும் துன்பம் செய்யமாட்டேன், போகவேண்டிய வழியில் அனுப்பிவிடுவேன் என்றும் அவளே சொல்லிவிடுகிறாள். உலகக் கதைகளில் வாயிற்காவல் தெய்வங்கள் ஏராளம். பழைய எகிப்தியரின் இறந்தோர் நூலில் ஒவ்வொரு வாயிலின் பெயரையும் காவலரின் பெயரையும் இறந்தவன் சொல்லியாக வேண்டும். கிரேக்கக் கதையின் ஸ்பிங்ஸ் தவறாகச் சொன்னவனைத் தின்றுவிடும். தோற்றவனைத் தண்டிக்காமல் வழியனுப்பும் காவற்பெண்ணைப் படைத்தது இந்தக் காதையின் தனி அழகு.

தேறியவருக்கு அவள் மூன்று பொய்கைகளின் கரையைக் காட்டுவாள். புண்ணிய சரவணத்தில் மூழ்கினால் இந்திரன் இயற்றிய ஐந்திர நூலின் அறிவு வரும். பவகாரணியில் மூழ்கினால் முற்பிறப்பு தெரியும். இட்டசித்தியில் மூழ்கினால் நினைத்தது கைகூடும். மூழ்குமுன் ஐந்தெழுத்தையும் எட்டெழுத்தையும் ஓதவேண்டும். ஒன்று சிவனுக்குரியது, மற்றது திருமாலுக்குரியது என்பதே வழக்கமான விளக்கம். திருமால் குன்றத்துக் குகைக்குள் சிவமந்திரமும் ஒலிக்கிறது. சமயங்கள் கோடு கிழித்துக்கொள்வதற்கு முந்தைய மனநிலை அது எனலாம். காப்பியம் எல்லாத் தெய்வத்தையும் ஒரே அவையில் அமர்த்தும் தன் வழக்கத்தை இங்கும் காட்டுகிறது என்றும் கொள்ளலாம். இரண்டாவது விளக்கமே வேட்டுவ வரிக்கும் ஆய்ச்சியர் குரவைக்கும் இடம் தந்த நூலுக்குப் பொருந்துகிறது.

மூன்று பேறுகளில் முதலாவதாக இலக்கணம் வைக்கப்பட்டிருப்பது தமிழ் வாசகரைச் சற்றுப் புன்னகைக்க வைக்கும். ஐந்திரம் ஒரு இலக்கண நூல். தொல்காப்பியத்தின் பாயிரம் தொல்காப்பியரை ஐந்திரம் நிறைந்தவர் என்று புகழ்கிறது. மலைக்குகையில் மந்திரம் ஓதிக் குளிப்பவன் பெறும் முதல் வரம், மொழியின் விதிகளை முழுக்க அறிவது. மறையுலகின் பேறுகளில் இலக்கணத்தை வைத்த பண்பாடுகள் அதிகம் இருக்க முடியாது.

பிலத்தின் அமைப்பில் ஒரு முடிச்சு உண்டு. முடிவில்லாத இன்பம் எது என்று விடை சொல்லத் தெரிந்தவனே பொய்கைக் கரையை அடைய முடியும். அந்த விடை தெரிந்தவன் இட்டசித்தியில் இறங்கி எதைக் கேட்பான்? தேர்வில் தேறும் தகுதியே பரிசைத் தேவையற்றதாக்கிவிடுகிறது. மறையோனும் இதை உணர்ந்தவன்போலப் பேசுகிறான். பொய்கைகளில் ஆட விருப்பமில்லை என்றால், குன்றத்தில் நின்றவனின் திருவடியை நினைத்தால் போதும். பறவைக் கொடி பறக்கும் நெடுந்தூண் கண்ணில் படும். அதைக் கண்ட அளவிலேயே பிறவித் துன்பம் தீரும். பிறகு மதுரைக்குப் போகலாம். மூன்று கேள்வி, பல கதவு, இரண்டு மந்திரம் என்று கட்டிய வழிக்குப் பக்கத்திலேயே ஒரு குறுக்கு வழியையும் அவன் போட்டுவைத்திருக்கிறான்.

கவுந்தியின் மறுப்பு

இவ்வளவும் கேட்ட கவுந்தியடிகள் சமணத் துறவியான பெண். அவர் மறுவுலகம் இல்லை என்று வாதாடவில்லை. மூன்று பொய்கைகளையும் ஒவ்வொன்றாக எடுத்துக்கொண்டு, அவை தரும் பேறு ஏற்கெனவே கைவசம் இருப்பதைக் காட்டுகிறார். இந்திரன் நூலின் உண்மை அருகனின் ஆகமத்திலேயே விளங்குகிறது. முற்பிறப்பில் செய்தது என்ன என்பதை இப்பிறப்பில் அனுபவிப்பதைப் பார்த்தே அறிந்துகொள்ளலாம். பொய் சொல்லாமல் உயிர்களைப் பேணி வாழ்பவருக்குக் கிட்டாத பொருள் எது? நீ உன் தெய்வத்தைத் தொழப் போ, நாங்கள் எங்கள் வழியில் போகிறோம் என்று முடிக்கிறார். அதில் இகழ்ச்சி இல்லை. அன்று ஓர் ஊரில் தங்கிவிட்டு அவர்கள் வழியைத் தொடர்கிறார்கள்.

சமணருக்கு மறுவுலகப் படம் இல்லாமலில்லை. காணாத உலகத்தை அவர்களைப் போல் அளந்தவர்கள் இல்லை. பதினான்கு ரஜ்ஜு உயரமுள்ள உலகம், நரகங்களின் அடுக்கு, தேவருலகங்களின் அடுக்கு, உச்சியில் விடுபட்ட உயிர்கள் தங்கும் சித்தசிலை என்று எல்லாவற்றுக்கும் அவர்களிடம் கணக்கு இருக்கிறது. அறிவையும் மதி, சுருதம், அவதி, மனப்பரியாயம், கேவலம் என ஐந்தாக வகுத்தார்கள். தொலைவையும் பிறப்புகளையும் காணும் அவதி ஞானம் வினைத்திரை விலகும்போது உயிருக்குள்ளிருந்தே எழுவது. நீரில் மூழ்கிப் பெறக்கூடியதன்று. கவுந்தி இந்தக் கோட்பாடு எதையும் விரிக்காமல், வாழ்க்கையைச் சுட்டி மூன்றே விடையில் முடித்துவிடுகிறார். மறையோனின் நீண்ட பேச்சுக்கு எதிரே அந்தச் சுருக்கம் காப்பியக் கட்டமைப்பில் திட்டமிட்டு வைக்கப்பட்டது.

மறுநாள் கதை இன்னொரு பக்கம் திரும்புகிறது. நடுவழியில் நீர் தேடிப் பொய்கைக் கரைக்குப் போன கோவலன் முன் கானுறை தெய்வம் மாதவியின் தோழி வசந்தமாலையின் உருவில் வந்து அழுகிறது. மாதவி பிரிவால் வருந்தித் தன்னையும் துறந்ததால் இங்கு வந்து சேர்ந்ததாகச் சொல்கிறது. மறையோனின் எச்சரிக்கை நினைவுக்கு வர, கோவலன் கொற்றவையின் மந்திரத்தை ஓதுகிறான். தெய்வம் தன் உருவை ஒப்புக்கொண்டு, நடந்ததைக் கண்ணகிக்கும் கவுந்திக்கும் சொல்லாதே என்று கேட்டுக்கொண்டு மறைகிறது. கவுந்தி தேவையில்லை என்று ஒதுக்கிய மந்திரத்தின் துணை, அவர் அறியாமலே ஒரு நாள் தேவைப்பட்டிருக்கிறது. நூலாசிரியர் சமணச் சார்பினர் என்பது மரபு. அப்படியிருந்தும் கவுந்தியின் விடையை அவர் கடைசி வார்த்தையாக விட்டுவைக்கவில்லை.

கிடாரிப்பட்டிக் குகை

கவுந்தியின் கூட்டத்தார் இந்த மலையில் தங்கிய தடம் கல்லில் இருக்கிறது. அழகர்மலையின் ஒரு பகுதியில், கிடாரிப்பட்டிக்கு மேலே, பெரிய பாறைத் தாழ்வாரம் ஒன்று உண்டு. ஊரார் அதைப் பஞ்சபாண்டவர் படுக்கை என்பார்கள். தரையில் வெட்டிய கற்படுக்கைகள், மழைநீர் உள்ளே வழியாமல் நெற்றியில் செதுக்கிய வடிகால், அதையொட்டித் தமிழ்ப் பிராமிக் கல்வெட்டுகள், பக்கத்தில் சுனை. கல்வெட்டுகளின் காலம் பொதுக்காலத்துக்கு முந்தைய 1ஆம் நூற்றாண்டு அளவில் கொள்ளப்படுகிறது. கொடையாளிகளாக உப்பு வணிகன், அறுவை வணிகன், கொழு விற்பவன், வெல்லப்பாகு விற்பவன், பொற்கொல்லன் ஆகியோர் வருகிறார்கள். மதுரை நகரத்தைச் சேர்ந்தவர்கள் என்பதும் பெயரோடு சேர்த்துச் சொல்லப்படுகிறது. ஒரு கல்வெட்டில் பெண் துறவி ஒருவர் சுட்டப்படுவதாக ஐராவதம் மகாதேவன் கொண்டார். அது சரியென்றால் கவுந்திக்கு இம்மலையில் ஒரு முன்னோடி இருந்திருக்கிறார்.

ஊருக்கு வெளியே பாறையில் படுக்கும் துறவிக்கும் சந்தையில் உப்பு விற்பவனுக்கும் இடையே இந்தக் கொடை கட்டிய உறவே சமணத்தின் அடித்தளம். துறவி உலகை விட்டவர்; அவருக்குப் படுக்கை வெட்டிக் கொடுத்தவன் உலகில் இருந்துகொண்டே நல்வினை சேர்த்தவன். மாங்குளத்தில் இதே வேலையை நெடுஞ்செழியன் என்ற பாண்டியனின் ஆட்கள் கணிநந்தி என்ற முனிவருக்குச் செய்தார்கள். அழகர்மலையில் அரசன் தலைகாட்டவில்லை. எல்லாம் கடைக்காரர் செலவு.

பின்னும் பல நூற்றாண்டு கழித்து, 9ஆம் நூற்றாண்டு அளவில், அச்சணந்தி என்ற சமண முனிவர் இதே பாறையில் தீர்த்தங்கரர் உருவம் ஒன்றைச் செதுக்குவித்தார். கீழே வட்டெழுத்தில் அவர் பெயர் உள்ளது. ஆனைமலை, சமணர்மலை, கருங்காலக்குடி, உத்தமபாளையம் என்று மதுரையைச் சுற்றி அவர் பெயர் தாங்கிய சிற்பங்கள் பல. பக்தி இயக்கம் கோவில்களை நிரப்பிக்கொண்டிருந்த காலத்தில் ஒருவர் குன்று குன்றாகப் போய் உருவம் வெட்டுவித்திருக்கிறார் என்றால், அதை ஓய்ந்துபோன மரபு என்று எழுதிவிட முடியாது.

பிற பிலங்கள்

மலைக்குள் மறைந்த உலகம் என்ற எண்ணம் சிலம்புக்கு மட்டும் உரியதன்று. கம்பராமாயணக் கிட்கிந்தா காண்டத்தில் பிலம் புக்கு நீங்கு படலம் இருக்கிறது. சீதையைத் தேடிப் போன வானரர்கள் மயன் அமைத்த நிலத்தடி நகருக்குள் நுழைந்து, சுயம்பிரபையைக் காண்கிறார்கள். அங்கே உணவும் ஒளியும் உண்டு, வெளியேற வழிதான் இல்லை. அழகர்மலைப் பிலத்தில் உள்ளே போவது கடினம், கிட்கிந்தைப் பிலத்தில் வெளியே வருவது கடினம்.

மணிமேகலையோடு ஒப்பிடுவது இன்னும் பயன் தரும். மணிபல்லவத் தீவில் புத்தரின் பாதபீடிகையைத் தொழுத மணிமேகலைக்கு முற்பிறப்பு தெரிந்துவிடுகிறது. பீடிகையைக் காக்கும் தீவதிலகை அமுதசுரபி கிடைக்கும் கோமுகிப் பொய்கையைக் காட்டுகிறாள். வேற்றுரு எடுக்கவும் வானில் செல்லவும் பசி தாங்கவும் மணிமேகலா தெய்வம் மூன்று மந்திரங்கள் தருகிறது. பவகாரணியும் இட்டசித்தியும் தரும் பேறுகளை ஒத்த பேறுகளை, பௌத்தக் காப்பியம் தன் தலைவிக்கு உண்மையாகவே கொடுத்துவிடுகிறது. ஆனால் அவள் அவற்றைக் கொண்டு செய்வது என்ன? பசித்தவருக்குச் சோறிடுகிறாள், சிறைக்கோட்டத்தை அறக்கோட்டமாக மாற்றச் செய்கிறாள், வஞ்சியில் சமயவாதிகளிடம் ஒவ்வொருவராகப் போய் அவரவர் கோட்பாட்டைக் கேட்டறிகிறாள். கவுந்தி வேண்டாம் என்று விட்டதை மணிமேகலை வாங்கிப் பிறருக்குச் செலவிட்டாள்.

வைணவர் கண்ட வழி

பரிபாடலின் 15ஆம் பாடல் இம்மலையைப் பற்றியது. இளம்பெருவழுதியார் இயற்றியது, மருத்துவன் நல்லச்சுதனார் இசையமைத்தது. சிலம்பாறு அதிலும் ஓடுகிறது. மாயோனும் பலதேவனும் அங்கே இணைந்து நிற்கிறார்கள். மனைவியோடும் பெற்றோரோடும் கைக்குழந்தையோடும் அன்பரோடும் போய், மலை தெரியும் திசையையாவது தொழுங்கள் என்று அப்பாடல் அழைக்கிறது. கேள்வி கேட்பவர் இல்லை. துறவும் கேட்கப்படவில்லை. குடும்பத்தோடு வண்டி கட்டி அழகர்கோவிலுக்கு வரும் மதுரை நாட்டு வழக்கத்துக்கு இதைவிடப் பழைய சான்று தேடவேண்டியதில்லை.

பூதத்தாழ்வார், பேயாழ்வார், பெரியாழ்வார், ஆண்டாள், திருமங்கையாழ்வார், நம்மாழ்வார் ஆகிய அறுவர் திருமாலிருஞ்சோலை என்ற பெயரில் இம்மலையைப் பாடியிருக்கிறார்கள். இவர்களில் மறுவுலகப் பயணத்தோடு மலையை நேராகப் பிணைத்தவர் நம்மாழ்வார். திருவாய்மொழியின் பத்தாம் பத்தில் ஏழாவது பதிகம் இம்மலைக்கு உரியது. அடுத்து ஒரு பதிகம் இடைவெளி. ஒன்பதாவதில் வைகுந்தத்துக்குப் போகும் வழி விவரிக்கப்படுகிறது. ஏழாவது பதிகத்தில் ஒரு விந்தை நடக்கிறது. பெருமான் தான் குடியிருக்கும் இடங்களாகத் திருமாலிருஞ்சோலையையும் பாற்கடலையும் வைகுந்தத்தையும் வேங்கடத்தையும் நினைக்கும் அதே வரிசையில் ஆழ்வாரின் தலையையும் உடலையும் வைத்துப் போற்றுகிறான். நம்பிள்ளை சொல்ல வடக்குத் திருவீதிப்பிள்ளை எழுதிவைத்த ஈடு உரை இந்த இடத்தில் தோய்ந்து நிற்கிறது. பெருமானோ ஆழ்வாரை அந்த உடலோடேயே கொண்டுபோக ஆசைப்படுகிறான். ஆழ்வாரோ இந்த உடல் பிணி, இதை விட்டு வாங்கிக்கொள் என்று மன்றாடுகிறார். வாயிற்காவலர் கேள்வி கேட்கும் கதை இங்கே தலைகீழாகிவிட்டது. வீட்டுக்காரனே வாசலுக்கு வந்து விருந்தாளியிடம் வழக்காடுகிறான்.

பின்வந்த ஆசாரியர்கள் காணாத உலகுக்குத் துல்லியமான வழிப்படம் வரைந்தார்கள். இருப்பதெல்லாம் இரண்டு பகுதி. பிறந்து இறக்கும் லீலா விபூதி கால் பங்கு, அழியாத நித்திய விபூதி முக்கால் பங்கு. இந்தக் கணக்கு புருஷ சூக்தத்திலிருந்து வந்தது. இரண்டுக்கும் நடுவே விரஜை ஆறு. விடுபட்ட உயிர் ஒளி, பகல், வளர்பிறை, உத்தராயணம், ஆண்டு, காற்று, கதிரவன், திங்கள், மின்னல் என்று தேவதைகள் ஒருவர்பின் ஒருவராக வழிநடத்த ஆற்றங்கரையை அடைகிறது. ஆற்றில் மூழ்கி நுண்ணுடலையும் களைகிறது. பிள்ளை லோகாசாரியர் இயற்றிய பதினெட்டு ரகசிய நூல்களில் அர்ச்சிராதி என்பது முழுக்க இந்தப் பயணத்தைப் பற்றியது. வழிப்படத்தின் வேர் உபநிடதங்களில் இருக்கிறது. கௌஷீதகி உபநிடதத்தில், மறுவுலகம் சேர்ந்த உயிரைப் பார்த்து நீ யார் என்று கேட்கப்படுகிறது. வரோத்தமையின் கேள்வி தமிழ் மண்ணில் திடீரென முளைத்ததன்று.

இத்தனை விரிவாக வழி வரைந்த அதே லோகாசாரியர், போகவேண்டிய இடம் பக்கத்திலேயே இருக்கிறது என்றும் எழுதினார். ஸ்ரீவசனபூஷணத்தில் பெருமானின் ஐந்து நிலைகளை ஐந்து நீர்களாகக் காட்டுகிறார். உள்ளுறைபவன் மண்ணுக்கடியில் உள்ள நீர், பரமபதத்தில் இருப்பவன் அண்டத்துக்கு அப்பாலுள்ள நீர், வியூகம் பாற்கடல், அவதாரங்கள் வெள்ளம் பெருகிய ஆறு, கோவில் திருமேனி, வெள்ளம் வடிந்தபின் ஆற்றில் தங்கிய மடு. தாகம் எடுத்தவனுக்கு உதவுவது மடுதான். மறையோன் பொய்கைகளை மலைக்குள் ஒளித்துவைத்தான். லோகாசாரியர் பொய்கையை ஊர்நடுவே கொண்டுவந்து வைத்துவிட்டார்.

அவர் இறுதியும் இந்தப் பகுதியில்தான் நேர்ந்தது. 1323இல் திருவரங்கம் படையெடுப்புக்கு உள்ளானபோது அவ்வூர் உற்சவரான நம்பெருமாளைச் சுமந்து தெற்கே வந்த கூட்டத்தோடு வந்து, ஆனைமலைப் பக்கத்து ஜோதிஷ்குடியில் அவர் மறைந்தார். இன்று அவ்வூர் கொடிக்குளம் எனப்படுகிறது. பிறகு நம்பெருமாள் அழகர்கோவிலிலும் சில காலம் இருந்ததாகவும், அவர் திருமஞ்சனத்துக்காகத் தோண்டியது அழகிய மணவாளன் கிணறு என்றும் வைணவ மரபு சொல்லும். திருவரங்கம் திரும்பியது 1371இல்.

சிலம்பாறு இன்று நூபுரகங்கை. மலைமேல் ராக்காயி அம்மன் காவலில் இருக்கும் அந்தத் தீர்த்தத்தில் மூழ்குவோர் கூட்டம் நாள்தோறும் உண்டு. உற்சவர் கள்ளழகருக்கு வேறு நீரில் திருமஞ்சனம் செய்வதில்லை. செய்தால் மேனி கறுத்துவிடும் என்பது நம்பிக்கை. ஐப்பசியில் தைலக்காப்புக்கு அவர் மலையேறி அங்கே போகிறார்.

சித்தர்

சித்தர் மரபைப் பற்றி இங்கே அதிகம் சொல்ல இடமில்லை, அதிகம் சொல்வதும் ஆபத்து. பதினெண் சித்தருள் ஒருவராக எண்ணப்படும் இராமதேவர் அழகர்மலையில் சமாதி கொண்டார் என்பது வழக்கு. மெக்காவுக்குப் போய் யாகோபு என்ற பெயர் பெற்றார் என்று அவர் பெயரால் வழங்கும் கதை கூறும். அவர் பெயரில் உள்ள மருத்துவ, ரசவாத நூல்களின் நடை பிற்காலத்தது. அவற்றைத் தன்வரலாறாகப் படிப்போர் ஏமாறுவார்கள். ஆனால் இட்டசித்திப் பொய்கை வாக்களித்ததைப் பயிற்சியால் பெறலாம் என்று துணிந்து சொன்ன மரபு இது ஒன்றே. உடலை அணுவாக்குவது, மலையாக்குவது முதலான எட்டுச் சித்திகளைத் திருமூலர் மூன்றாம் தந்திரத்தில் பாடுகிறார். சித்திகள் வெளிமுகப்பட்டவனுக்குப் பேறாகத் தெரியும், சமாதிக்கு அவை இடையூறு என்று பதஞ்சலி யோக சூத்திரம் எச்சரிக்கிறது.

பதினெட்டாம்படி

மறையாற்றலைத் தேடி வந்தவர்களுக்கு இந்த மலை கொடுத்த கடுமையான விடை கோவில் வாசலில் இருக்கிறது. அழகர்கோவிலின் ராஜகோபுர வாயில் அடைத்தே கிடக்கும். பக்தர்கள் வண்டிவாசல் வழியாகப் போய் வருகிறார்கள். அடைத்த கதவே பதினெட்டாம்படிக் கருப்பர். சிலை இல்லை. கதவுக்குச் சந்தனம் சாத்தி, மாலை போட்டு, அரிவாள் நேர்ந்து வழிபடுகிறார்கள்.

இதன் கதையைத் தொ. பரமசிவன் தம் அழகர்கோயில் ஆய்வில் எடுத்துப் பேசுகிறார். மதுரை காமராசர் பல்கலைக்கழகம் 1989இல் வெளியிட்ட அந்நூல் ஒரு கோவிலைச் சாதிகள், சடங்குகள், வாய்மொழிக் கதைகள் வழியாகப் படித்த முன்மாதிரி. மலையாள நாட்டிலிருந்து பதினெட்டு மந்திரவாதிகள் அழகரின் ஆற்றலைக் கவர்ந்துபோக வருகிறார்கள். கண்ணுக்கு மையிட்டு உருவம் மறைத்துக்கொண்டு கருவறைக்குள் நுழைகிறார்கள். சூடான உணவின் ஆவி பட்டுக் கண் மை கரைய, உருவம் வெளிப்பட்டு அகப்படுகிறார்கள். பதினெட்டுப் பேரையும் வெட்டி வாசலில் புதைத்து, ஆளுக்கொரு படியாகப் பதினெட்டுப் படி கட்டினார்கள். அவர்களோடு வந்த காவல் தெய்வமான கருப்பர், அழகரின் அழகில் மயங்கி, கோவிலைக் காக்க ஒப்புக்கொண்டு அங்கேயே தங்கிவிட்டார்.

காடுகாண் காதையின் மறையோனும் குடமலைக்காரன், இந்த மந்திரவாதிகளும் மேற்குத் திசையினர். இரண்டையும் ஒரே நூலில் கோக்க ஆசை வரும். இடையே கிடக்கும் நூற்றாண்டுகள் அதற்கு இடந்தராது. மேற்கு மலைநாட்டை மந்திரத்தின் ஊற்றாகக் காணும் பார்வை மதுரைச் சமவெளியில் நெடுங்காலமாக உண்டு என்ற அளவில் நிறுத்திக்கொள்வது நல்லது. ஒற்றுமை வேறோரிடத்தில் உறுதியாக இருக்கிறது. பிலத்து வாயிலில் வரோத்தமை நின்றாள், கோவில் வாயிலில் கருப்பர் நிற்கிறார். ஆற்றலை மட்டும் நாடி வந்தவர்கள் படிக்குக் கீழே போனார்கள். அவர்களோடு வந்தும் அழகைப் பார்த்து மனம் மாறியவன் கதவுக்கே உரியவனானான்.

கருப்பரின் வாசலில் கேட்கப்படும் கேள்விகள் இன்பத்தைப் பற்றியவை அல்ல. கடன் வாங்கினாயா, வேலியை நகர்த்தினாயா, பொருளை எடுத்தாயா என்பவை. சுற்று வட்டாரத்துக் கள்ளர் நாட்டாரும் பிறரும் தீராத வழக்குகளை இங்கே கொண்டுவந்து, கதவின் முன் சத்தியம் செய்து முடித்துக்கொள்வது நெடுநாள் வழக்கம். பொய்ச் சத்தியம் செய்தவனுக்கு என்ன ஆகும் என்பதில் ஊரில் யாருக்கும் ஐயம் இல்லை. உண்மை பேசுபவருக்குக் கிட்டாதது எது என்ற கவுந்தியின் விடை, இங்கே கோட்பாடாக இல்லாமல் நடைமுறையாகிவிட்டது. அழகரும் அதற்கு விலக்கல்ல. சித்திரையில் அவர் மதுரைக்குப் புறப்படும்போது, அணிந்து செல்லும் நகைகளின் பட்டியல் கருப்பர் சன்னிதியில் வாசிக்கப்படும். வைகையில் இறங்கி, மண்டூக முனிவருக்குச் சாப விமோசனம் கொடுத்து, மலைக்குத் திரும்பியதும் அதே கதவின் முன் பட்டியல் சரிபார்க்கப்படும்.